பங்கீடும் நீதியும்: அல்-குவாரிஸ்மியின் ‘கிதாபுல் வஸாயா’ – ஒரு திறனாய்வு

இறந்தவர் விட்டுச் சென்ற பொருளைப் பங்கிடுவது எளிய காரியம் என்று எண்ணுவோர், அத்தகைய பங்கீட்டு அவையில் ஒருமுறையேனும் அமர்ந்திராதவர்களே ஆவர். கஃபன் துணியின் விலையில் தொடங்கி, செலுத்தப்படாத மஹர், கைமாற்றாக வாங்கிய கடன், வாய்மொழியாகச் சொல்லிச் சென்ற வஸிய்யத் என ஒவ்வொன்றாக எழும். அவற்றையெல்லாம் கழித்தபின் எஞ்சுவது எவ்வளவு, அதில் எவருக்கு எவ்வளவு என்ற கேள்விக்கு அவையினர் எதிர்பார்ப்பது ஓர் எண் மட்டுமே. ஆனால் அந்த எண்ணுக்குள் உறவும் உரிமையும் ஒருங்கே அடங்கியிருக்கின்றன. ஓர் இலக்கம் பிசகினால் ஒருவரின் உரிமை மற்றொருவரின் வீட்டுக்குப் போய்விடும்.

அரபுக் கல்லூரியில் பல்லாண்டுகளாக ஃபராயிள் பாடம் நடத்தி வரும் நமக்கு ஒரு குறை நெடுநாளாக உறுத்திக் கொண்டிருக்கிறது. நம் மாணவர்கள் ஸிராஜிய்யாவையும் ரஹபிய்யாவையும் ஓதுகின்றனர். அல்-குவாரிஸ்மி யார் என்று கேட்டால், இயற்கணிதத்தின் தந்தை என்று பெருமையோடு விடையளிக்கின்றனர். ஆனால் அவரது புகழ்பெற்ற நூலின் ஏறத்தாழப் பாதி, தாம் அன்றாடம் ஓதும் ஃபராயிளையும் வஸிய்யத்தையும் பற்றியது என்பதை அவர்களுள் அறிந்தோர் அரிது. மறுபுறம், பல்கலைக்கழகங்களில் கணித வரலாறு பயில்வோர் நூலின் முற்பகுதியைக் கொண்டாடிவிட்டுப் பிற்பகுதியை எடுத்தும் பாராமல் நகர்ந்துவிடுகின்றனர். ஒரே நூல் இவ்வாறு இரு கூறாகி, இரு சாராரும் அரைநூலையே அறிந்திருக்கும் நிலை உருவாகியிருக்கிறது. மறக்கப்பட்ட அந்தப் பிற்பகுதியை, அதன் சிறப்பையும் குறையையும் மறைக்காமல் மதிப்பிடுவதே இக்கட்டுரையின் நோக்கம்.

நூலும் அதன் வரலாறும்

முஹம்மது இப்னு மூஸா அல்-குவாரிஸ்மி, அப்பாஸியக் கலீஃபா மஃமூனின் ஆட்சிக்காலத்தில் (கி.பி. 813–833) பாக்தாதில் வாழ்ந்தவர். ‘அல்ஜப்ர் வல்முகாபலா’ கணக்கைப் பற்றிய தம் சுருக்க நூலைக் கலீஃபாவின் ஊக்குவிப்பால் எழுதியதாக முன்னுரையில் குறிப்பிடுகிறார். வாரிசுரிமை, வஸிய்யத், பங்கீடு, வழக்கு, வணிகம், நிலஅளவை, கால்வாய் வெட்டுதல் ஆகியவற்றில் மக்களுக்கு ஓயாது தேவைப்படும் கணக்கை எளிதாக்குவதே தம் எண்ணம் என்பதும் அம்முன்னுரையால் விளங்குகிறது. அவர் தந்த அப்பட்டியலில் வாரிசுரிமையும் வஸிய்யத்தும் முன்னிற்பதை நாம் கருதத்தக்கது.

நூலில் முதலில் ஆறு வகைச் சமன்பாடுகளும், அவற்றுக்கான வடிவியல் நிறுவல்களும் வருகின்றன. பின்னர் வணிகக் கணக்குப் பற்றிய சிறு இயலும் அளவையியல் பகுதியும் உள்ளன. இறுதியில் நிற்கும் ‘கிதாபுல் வஸாயா’ தனியொரு நூலென்றே சொல்லத்தக்க அளவில் விரிந்துள்ளது.

இந்நூலை 1145இல் செஸ்டர் நகரத்து ராபர்ட் இலத்தீனில் பெயர்த்தார். பின்னர் கிரெமோனா நகரத்து ஜெரார்டும் பெயர்த்தார். இரு பெயர்ப்புகளிலும் வஸிய்யத் பகுதிக்கு இடமில்லை. ஷரீஅத்துச் சட்டம் ஐரோப்பிய வணிகருக்கோ அறிஞருக்கோ பயன்படாது என்று அதை விட்டிருக்கலாம். அவர்களைக் குறை கூறுவதற்கில்லை. எனினும் ‘இயற்கணிதம்’ என்று உலகம் அறிந்துகொண்டது வேர் அறுபட்ட மரத்தையே என்பதை நாம் மறக்கலாகாது. 1831இல் ஃபிரெடெரிக் ரோசன், ஆக்ஸ்ஃபோர்டில் உள்ள கையெழுத்துப் பிரதியைக் கொண்டு அரபு மூலத்தையும் ஆங்கில மொழிபெயர்ப்பையும் இலண்டனில் வெளியிட்டபோதுதான் அப்பகுதி ஐரோப்பியருக்கு முழுமையாகக் கிட்டியது. ரிக் வேதத்தின் முதற்பகுதியைப் பதிப்பித்தவரும் இவரே.

கணக்குக்கு முன் நிற்கும் ஒழுங்கு

இப்பகுதியை விளங்கிக்கொள்ள முதலில் ஓர் ஒழுங்கை நினைவிற் கொள்ளவேண்டும். ஸிராஜிய்யா தன் தொடக்கத்திலேயே அதனை வகுத்துரைக்கிறது. இறந்தவரின் பொருளோடு நான்கு உரிமைகள் வரிசையாகத் தொடர்புறுகின்றன. முதலாவது அடக்கச் செலவு, இரண்டாவது கடன், மூன்றாவது, எஞ்சியதில் மூன்றில் ஒரு பங்குக்கு மேற்படாத வஸிய்யத், நான்காவதே வாரிசுகளின் பங்கு.

திருக்குர்ஆனின் அந்நிஸா அத்தியாயம் 11, 12 ஆகிய இரு வசனங்களில், பங்கீடு என்பது வஸிய்யத்துக்கும் கடனுக்கும் பிற்பட்டது என்ற செய்தி நான்கு முறை வருகிறது. அங்கு வஸிய்யத் முதலிலும் கடன் பின்னரும் கூறப்பட்டிருந்தபோதிலும், கடனையே முதலில் தீர்க்கவேண்டும் என்பது நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் தீர்ப்பாக அலீ (ரலி) அவர்கள் வாயிலாக அறிவிக்கப்பட்டுள்ளது. அவ்வாறாயின் வஸிய்யத் ஏன் முற்படுத்தப்பட்டது? கடன் கொடுத்தவன் வாயிலில் வந்து நின்று கேட்பான். வஸிய்யத்துப் பெற்றவருக்கோ கேட்கும் வலிமை இராது. வாரிசுகள் அதை அலட்சியப்படுத்திவிடக்கூடும். ஆகவே அதன் முக்கியத்துவத்தை உணர்த்தவே முற்படுத்தப்பட்டது என்பர் விரிவுரையாளர்கள்.

இவ்வரிசை வெறும் ஏட்டு விதியன்று. ஒருவர் 10 இலட்சம் ரூபாய் விட்டுச் சென்றார் எனக் கொள்வோம். அடக்கச் செலவு 10 ஆயிரம். மனைவியின் மஹரும் பிற கடன்களும் சேர்ந்து 3 இலட்சத்து 90 ஆயிரம். எஞ்சுவது 6 இலட்சம். மூன்றில் ஒரு பங்கை ஒரு பள்ளிவாசலுக்கு வஸிய்யத் செய்திருந்தால் அது 2 இலட்சம்; வாரிசுகளுக்கு 4 இலட்சம். வரிசையைப் புரட்டி, மூன்றிலொன்றை முழுப்பொருளிலிருந்தே முதலில் எடுத்துவிட்டால் பள்ளிவாசலுக்கு 3,33,333 ரூபாய் போய், வாரிசுகளுக்கு 2,66,667 ரூபாயே மிஞ்சும். ஒரே தொகை, ஒரே செலவு, ஒரே வாரிசுகள். கழிக்கும் வரிசை மாறியதால் அவர்களின் உரிமையில் 1,33,333 ரூபாய் கரைந்துபோகிறது. மஹரைக் கடனாகவே கருதாத வீடுகளில் இழப்பு யாருடையது என்பதைச் சொல்லவேண்டியதில்லை.

அல்-குவாரிஸ்மி காட்டும் வழி

நூலின் எளிய கணக்குகளுள் ஒன்றை முதலில் காண்போம். ஒரு பெண் இறக்கிறாள். கணவன், ஒரு மகன், மூன்று மகள்கள் உள்ளனர். தன் பொருளில் எட்டிலொன்றையும் ஏழிலொன்றையும் அந்நியர் ஒருவருக்கு வஸிய்யத் செய்திருக்கிறாள். கணவனுக்குக் கால், எஞ்சியது மக்களுக்கு, மகனுக்கு இரு மகளின் பங்கு. ஆகவே வாரிசுகளின் பங்குத்தொகை 20: கணவனுக்கு 5, மகனுக்கு 6, மகள் ஒவ்வொருத்திக்கும் 3. எட்டிலொன்றும் ஏழிலொன்றும் சேர்ந்தால் 56இல் 15. எஞ்சுவது 41. இருபதை ஐம்பத்தாறால் பெருக்கி 1120 பங்குகளாக்கினால் பின்னமின்றிப் பிரியும். அந்நியருக்கு 300, வாரிசுகளுக்கு 820. அதில் கணவனுக்கு 205, மகனுக்கு 246, மகள் ஒவ்வொருத்திக்கும் 123.

இக்கணக்கில் இயற்கணிதத்துக்கு வேலையே இல்லை. பின்னம் அறிந்தவர் எவரும் செய்துவிடலாம். இதற்கு அடுத்த படியிலேதான் ஆசிரியரின் திறம் வெளிப்படுகிறது.

கைப்பொருளும் கடனும் கலந்த கணக்கை எடுத்துக்கொள்வோம். ஃபிக்ஹு நூலோர் இதனை ‘ஐன்’, ‘தைன்’ என்பர். ஒருவர் இரு மகன்களை விட்டு இறக்கிறார். கையிருப்பு 10 திர்ஹம். மகன்களுள் ஒருவன் தந்தைக்கு 10 திர்ஹம் கடன்பட்டிருக்கிறான். பொருளில் மூன்றிலொன்று அந்நியர் ஒருவருக்கு வஸிய்யத். கடனிலிருந்து பங்கீட்டுக்குள் வரும் தொகையை ‘ஷைஉ’, அதாவது ‘ஒரு பொருள்’ என்று வைத்துக்கொள்கிறார் ஆசிரியர். பத்தும் ஒரு பொருளும் சேர்ந்தது மொத்தம். அதில் மூன்றிலொன்றை நீக்கி, எஞ்சியதை இரு மகன்களுக்கும் பிரித்தால் ஒவ்வொருவருக்கும் மூன்றேகால்வாசியை ஒட்டிய ஒரு தொகை, அதாவது மூன்றும் மூன்றிலொன்றும், அப்பொருளின் மூன்றிலொன்றும் கிடைக்கும். கடனாளி மகனின் பங்கு அவன் கடனிலிருந்தே கழிவதால் அது அப்பொருளுக்குச் சமம். ஆகவே பொருள் 5. கையிலுள்ள பத்தில் அந்நியருக்கு 5, கடனில்லாத மகனுக்கு 5. கடனாளி தன் ஐந்தைத் தன் கடனிலேயே பெற்றுக்கொண்டான்.

கடனில் எஞ்சிய ஐந்து என்னவாயிற்று? நூல் இங்கு வாய்திறப்பதில்லை. தந்தையின் அன்பளிப்பாக அது மகனுக்கே போய்விடுகிறது என்று ரோசன் விளக்கம் எழுதினார். ஆனால் ஸரக்ஸீயின் ‘மப்ஸூத்’ போன்ற ஹனஃபீ நூல்கள் இவ்வகைக் கணக்கைக் கடனாளி செலுத்த இயலாதவன் என்ற நிலையில் வைத்தே பேசுகின்றன. எஞ்சிய கடன் தள்ளுபடியாவதில்லை. அவனுக்கு வசதி வரும் நாள்வரை நிற்கிறது. அன்று மொத்தப் பொருள் 20 ஆகிறது. மூவருக்கும் ஆறும் மூன்றில் இரண்டும். கடனாளி தன் பங்கு போக மூன்றும் மூன்றிலொன்றும் கட்டவேண்டும். அதை மற்ற இருவரும் ஒன்றும் மூன்றில் இரண்டுமாகப் பகிர்ந்துகொண்டால், முன் பெற்ற ஐந்தோடு சேர்ந்து சரியாக ஆறும் மூன்றில் இரண்டும் ஆகிறது. ஏழை மகனை நெருக்காமலும், ஏனையோர் உரிமையை அழிக்காமலும் கணக்கு நிறைவுறுகிறது. இது அன்பளிப்பன்று, தவணை.

திரும்பி வரும் பொருள்

எல்லாவற்றினும் நுட்பமானவை ‘தவ்ர்’ எனப்படும் சுழற்சிக் கணக்குகள். கொடுத்த பொருளில் ஒரு பகுதி கொடுத்தவருக்கே திரும்பி வருவதால், எதைக் கொண்டு எதை அளப்பது என்ற சிக்கல் எழுகிறது. மரண நோயில் இருக்கும் ஒருவர் 100 திர்ஹம் மஹர் கொடுத்து ஒரு பெண்ணை மணக்கிறார். அவரிடம் வேறு பொருளில்லை. அவள் நிலைக்கேற்ற மஹர் (மஹருல் மிஸ்ல்) 10 திர்ஹமே. பின்னர் அவள் தன் பொருளில் மூன்றிலொன்றை வஸிய்யத் செய்துவிட்டு இறக்கிறாள். அதன்பின் அவரும் இறக்கிறார்.

பத்து அவளது முழு உரிமை. எஞ்சிய தொண்ணூறு, மரண நோயில் செய்த கொடையாதலால் வஸிய்யத்தின் விதிக்குட்பட்டது, மூன்றிலொன்றைத் தாண்டலாகாது. ஆனால் எதன் மூன்றிலொன்று? அவளுக்குப் பிள்ளை இல்லாததால் அவள் பொருளில் வஸிய்யத் போக எஞ்சியதில் பாதி கணவனுக்கே வாரிசாகத் திரும்புகிறது. திரும்பி வருவது அவர் பொருளைப் பெருக்குகிறது; பொருள் பெருகினால் மூன்றிலொன்றும் பெருகுகிறது; அது பெருகினால் அவள் பொருளும், திரும்பி வருவதும் மீண்டும் பெருகுகின்றன. வாயால் கணக்கிட்டால் இதற்கு முடிவே இராது. ஆசிரியர் அக்கொடையை ஒரு ‘பொருள்’ என்று வைத்து, கணவனின் வாரிசுகளுக்குக் கிடைப்பது அதன் இருமடங்காக இருக்கவேண்டும் என்ற ஒரே நிபந்தனையால் சுழற்சியை அறுக்கிறார். விடை 35. சரிபார்ப்போம்: அவள் பொருள் 45, வஸிய்யத் 15, எஞ்சிய முப்பதில் பாதி 15 கணவனுக்கு. அவரிடம் மிஞ்சியிருந்த 55உடன் சேர்ந்து 70. அது முப்பத்தைந்தின் இருமடங்கு. சட்டத்தின் ஒவ்வோர் எழுத்தும் காக்கப்பட்டு, ஒரு திர்ஹமும் பிசகாமல் நிற்கும் இக்கணக்கை வகுப்பில் முடிக்கும்போதெல்லாம் மாணவர் முகத்தில் ஓர் ஒளி தோன்றுவதை நாம் கண்டிருக்கிறோம்.

குற்றச்சாட்டும் மறுப்பும்

ரோசன் இப்பிற்பகுதிக் கணக்குகள் பலவற்றைப் பிழை என்றே எழுதினார். சமன்பாடு அமைந்தபின் தீர்வு சரியே. ஆனால் அதனை அமைக்கும்போது, தரப்பட்ட செய்தியில் இல்லாத எடுகோள்களை ஆசிரியர் தம் விருப்பம்போல் நுழைக்கிறார். அரபுச் சட்ட வல்லுநரின் விதிகளோடு விடையைப் பொருத்தவும் வாரிசுகளுக்கு ஆதரவு காட்டவுமே இவ்வாறு செய்கிறார் என்பது அவர் கூற்றின் சாரம்.

ஒரு நூற்றாண்டுக்குப்பின், 1938இல், ‘ஓசிரிஸ்’ என்னும் அறிவியல் வரலாற்று இதழில் சாலமன் காண்ட்ஸ் இதற்கு விரிவான மறுப்பு எழுதினார். அந்த எடுகோள்கள் ஆசிரியரின் விருப்பத்தால் வந்தவையல்ல, ஹனஃபீ சட்டத்தின் விதிகளே என்று அவர் நிறுவினார். எபிரேய மரபின் பழங்கணித நூலையும் அல்-குவாரிஸ்மியின் அளவையியலையும் ஒப்பிட்டு 1932இலேயே ஆய்வு வெளியிட்டவர் அவர். ஒரு முஸ்லிம் கணித மேதையின் மீதிருந்த பழியைத் துடைத்தவர் ஒரு யூத அறிஞர் என்பது நாம் நன்றியோடும், சற்று நாணத்தோடும் நினைக்கவேண்டிய செய்தி. ஸிராஜிய்யாவும் ஹிதாயாவும் ஓதப்பட்ட நம் நிலையங்களிலிருந்து அம்மறுப்பு வந்திருக்கவேண்டாமா?

காண்ட்ஸின் முடிவை நாம் ஏற்கிறோம். எனினும் ரோசனின் கூற்றில் ஒரு துளி உண்மை உண்டு என்பதையும் மறைப்பதற்கில்லை. எடுகோள்கள் தன்னிச்சையானவை அல்ல. ஆனால் அவை சொல்லப்படவில்லை. கடனாளி மகன் வசதியற்றவன் என்பதையும், மரண நோயின் கொடை வஸிய்யத்தாகும் என்பதையும் வாசகர் முன்பே அறிந்திருக்கவேண்டும் என்று ஆசிரியர் கருதிவிட்டார். அவர் காலத்துப் பாக்தாதில் அது பொருந்தும். காலம் கடந்தும் வாழும் நூலுக்கு அது குறையே. ‘மால்’ என்ற சொல்லை முற்பகுதியில் மதிப்பின் வர்க்கத்துக்கும் பிற்பகுதியில் இறந்தவரின் சொத்துக்கும் ஆள்வது புதிதாகப் பயில்வோரை மயங்கச் செய்கிறது. அடிமைகளை மையமாகக் கொண்ட கணக்குகள் பல உள்ளன. அவை அக்காலச் சமூகத்தின் சான்றுகளே அன்றி இன்று நாம் எடுத்தாளத் தக்கவையல்ல.

வாரிசுகளுக்கு ஆதரவு என்ற குற்றச்சாட்டோ நமக்குக் குற்றமாகவே படவில்லை. தம் பொருள் முழுவதையும் அறத்துக்கு எழுதிவைக்க விரும்பிய ஸஅத் இப்னு அபீ வக்காஸ் (ரலி) அவர்களை நபிகள் நாயகம் (ஸல்) மூன்றிலொன்றில் நிறுத்தி, அதுவே அதிகம் என்றும் உணர்த்தினார்கள். சாவின் விளிம்பில் நிற்பவரின் கொடை, உயிரோடிருப்பவரின் பசியாக மாறக்கூடாது என்பதே அதன் உட்பொருள். அந்நிஸாவின் 12ஆம் வசனம் வஸிய்யத்தால் எவருக்கும் தீங்கு நேரக்கூடாது என்று வரையறுப்பதும் இதனையே காட்டுகிறது.

நம்மவர் மேடைகளில் கேட்கும் ஒரு கூற்றையும் இங்கு திருத்தவேண்டியுள்ளது. ‘வாரிசுரிமைச் சட்டமே இயற்கணிதத்தைப் பெற்றெடுத்தது’ என்பர். நூலை முழுதும் படித்தால் இது மிகை என்பது தெளிவாகும். வஸிய்யத் கணக்குகள் யாவும் முதற்படிச் சமன்பாட்டோடு முடிந்துவிடுகின்றன. முற்பகுதியில் அரும்பாடுபட்டு நிறுவிய வர்க்கச் சமன்பாட்டு வகைகளுக்கு அங்கே வேலையில்லை. பெரும்பாலான ஃபராயிள் கணக்குகளுக்கு ஸிராஜிய்யாவின் ‘தஸ்ஹீஹ்’ முறையே போதும். இயற்கணிதத்துக்கு வாரிசுரிமை தாயன்று; அது உழுது பயன்கண்ட முதல் வயல்களுள் ஒன்று. இந்த அளவோடு நிற்பதே ஆசிரியருக்கும் பெருமை, நமக்கும் நேர்மை.

பங்கிடுவோன் கூலி

நூல் தொடாத ஒரு கேள்வியையும் குறிப்பிட்டாகவேண்டும். பங்கிட்டுக் கொடுப்பவனின் கூலியை யார் தருவது? இது இறந்தவரின் கடனன்று. உயிரோடிருக்கும் பங்காளிகளின் செலவு. ஆகவே மேற்சொன்ன நான்கு உரிமைகளின் வரிசையில் இதற்கு இடமில்லை. மர்கீனானீயின் ‘ஹிதாயா’ இதனைப் பங்கீட்டு இயலில் ஆராய்கிறது. கூலியைப் பைத்துல்மாலிலிருந்து கொடுப்பதே சிறப்பு. அது இயலாவிடில் இமாம் அபூஹனீஃபா (ரஹ்) தலைக்கு இவ்வளவு என்று சமமாக விதிக்கிறார். அபூயூஸுஃபும் முஹம்மதும் (ரஹ்) பங்கின் அளவுப்படி விதிக்கின்றனர். ஷாஃபிஈ மத்ஹபில் முற்படுத்தப்படும் கருத்தும் பங்கின் அளவே.

முன்பு கண்ட பெண்ணின் ஐந்து வாரிசுகளையே எடுத்துக்கொள்வோம். கூலி 1,000 ரூபாய் எனில், தலைக்கணக்கில் ஒவ்வொருவரும் 200. பங்குக்கணக்கில் கணவன் 250, மகன் 300, மகள்கள் ஆளுக்கு 150. பிரித்து வேறாக்கும் உழைப்பு சிறு பங்குக்கும் பெரும் பங்குக்கும் ஒன்றே. சில வேளை சிறு பங்கைக் கணக்கிடுவதே கடினம் என்பது இமாமின் வாதம். கணக்குப் போட்டவர் எவரும் அதன் உண்மையை உணர்வர். ஆனால் செலவு என்பது உடைமையின் சுமை. பொதுக் கிணறு வெட்டும் கூலியைப் போல் உடைமையின் அளவைப் பின்தொடரவேண்டும் என்பது இரு மாணவர்களின் வாதம். இறைவன் பங்குகளை வேறுபடுத்தியிருக்க, செலவை மட்டும் சமப்படுத்தினால் குறைந்த பங்கு பெறுவோர் தம் விகிதத்துக்கு மிஞ்சிச் சுமக்க நேரும். நம் ஊர்களில் அவர்கள் பெரும்பாலும் மகள்களே. இக்காரணத்தால் நம் உள்ளம் இரண்டாம் கருத்தின் பக்கமே சாய்கிறது. நில அளவையாளர் கூலியும் பதிவுச் செலவும் பெருகிவிட்ட இக்காலத்தில், பங்கீடு தொடங்குமுன்பே இதனைப் பேசி எழுதிக்கொள்வது பின்னர் எழும் மனத்தாங்கலைத் தவிர்க்கும்.

கிதாபுல் வஸாயாவை நாம் பரிந்துரைப்பது பழம்பெருமைக்காக அன்று. ஃபராயிள் ஓதும் மாணவர் இதனைப் படித்தால் தம் விதிகளுக்குள் ஓடும் கணக்கின் அழகைக் காண்பர். கணிதம் பயிலும் மாணவர் படித்தால் ஒவ்வோர் எண்ணின் பின்னும் நிற்கும் ஒரு விதவையை, ஒரு கடனாளியை, ஒரு மகளைக் காண்பர். ஆயிரத்து இருநூறு ஆண்டுகளுக்கு முன் ஒரே மனிதரின் மேசையில் இணைந்திருந்த அவ்விரு கல்வியையும் நம் பாடத்திட்டங்களில் மீண்டும் அருகருகே அமர்த்தவேண்டும். கழிக்கவேண்டியதை முறையே கழித்து, கொடுக்கவேண்டியதைக் குறையாமல் கொடுக்கும் பங்கீட்டு அவைகள் அதன் பின்னரே நம்மிடையே பெருகும்.